குளிர்ந்த ஆசிய பாணிக் காய்கறி சாலட்: தண்ணீர் விடாமல் செய்யும் முழு முறை

பரிமாறும்போது எல்லாச் சாலட்டும் அழகாகத்தான் இருக்கும். பாதி சாப்பிட்ட பிறகு கிண்ணத்தைச் சற்றுச் சாய்த்துப் பாருங்கள். அடியில் வெளிறிய பழுப்பு நிறத்தில் தண்ணீர் தேங்கி நின்றால், நீங்கள் ஊற்றிய சோயா சாஸும் வினிகரும் அதோடு சேர்ந்து கீழே இறங்கிவிட்டன என்று பொருள். மேலே மிஞ்சியிருப்பது சுவை கழன்ற, துவண்ட காய்.

புதிதாகச் செய்பவர்கள் பலரின் பக்கத்தில் நின்று இந்தச் சாலட்டைச் செய்திருக்கிறேன். பொருள் வாங்குவதில் யாரும் பெரிதாகத் தவறுவதில்லை. உப்பு எப்போது, ஐஸ் எப்போது, எண்ணெய் எப்போது என்ற வரிசையில்தான் இடறுகிறார்கள். வெள்ளரிக்காயில் ஏறத்தாழ 95 சதவீதமும், முட்டைக்கோஸில் 92 சதவீதமும், கேரட்டில் 88 சதவீதமும் தண்ணீர்தான். அது எப்போது வெளியேற வேண்டும், எப்போது உள்ளேயே நிற்க வேண்டும் என்பதை நீங்கள் முடிவு செய்யாவிட்டால், மேசையில் வைத்த பிறகு அதுவே முடிவு செய்துகொள்ளும்.

கீழே உள்ள அளவுகள் நான்கு பேருக்குப் போதும். தேக்கரண்டி என்றால் 5 மில்லி, மேசைக்கரண்டி என்றால் 15 மில்லி.

1. கத்தியை எடுப்பதற்கு முன் சேர்த்து வைக்க வேண்டியவை

காய்கள்: வெள்ளரிக்காய் 300 கிராம், முட்டைக்கோஸ் 250 கிராம், கேரட் 150 கிராம், சிவப்புக் குடைமிளகாய் ஒன்று, பாசிப்பயறின் நீளமான வெள்ளை முளை 150 கிராம், வெங்காயத்தாள் மூன்று, கொத்தமல்லியும் புதினாவும் தலா ஒரு கைப்பிடி.

டிரெஸ்ஸிங்குக்கு, அதாவது காய்களின் மேல் ஊற்றிக் கலக்கும் சாறுக்கு: அரிசி வினிகர் 3 மேசைக்கரண்டி, சோயா சாஸ் 2 மேசைக்கரண்டி, சர்க்கரை 1 மேசைக்கரண்டி, வறுத்த எள் எண்ணெய் 1 மேசைக்கரண்டி, துருவிய இஞ்சி 1 தேக்கரண்டி, சிறிய பூண்டுப் பல் ஒன்று, மிளகாய்த் தூவல் அரை தேக்கரண்டி. மேலே தூவ வெள்ளை எள் 2 மேசைக்கரண்டி, வேர்க்கடலை ஒரு கைப்பிடி.

இவற்றில் மூன்று பொருட்களின் பாட்டிலைத் திருப்பி, ஒட்டியிருக்கும் சீட்டைப் படித்துவிட்டு வாங்குங்கள்.

முதலாவது வினிகர். அரிசி வினிகரிலேயே சர்க்கரையும் உப்பும் முன்கூட்டியே கலந்து விற்கும் வகை ஒன்று உண்டு. அதை வாங்கிவிட்டால் மேலே சொன்ன சர்க்கரையைப் பாதிக்கும் கீழே குறைக்க வேண்டும். சாதாரண வெள்ளை வினிகர்தான் கிடைக்கிறது என்றால், இரண்டே கால் மேசைக்கரண்டி வினிகரில் முக்கால் மேசைக்கரண்டி தண்ணீர் கலந்துகொள்ளுங்கள். அரிசி வினிகரின் புளிப்பு மென்மையானது. வெள்ளை வினிகரை அதே அளவில் ஊற்றினால் முதல் வாயிலேயே தொண்டையைப் பிடிக்கும்.

இரண்டாவது சோயா சாஸ். அடர்த்தியான, கருமையான வகை சமையலுக்கு நிறம் கொடுப்பதற்காக உள்ளது. அதைச் சாலட்டில் ஊற்றினால் காயெல்லாம் சேறு பூசியதுபோல் ஆகிவிடும். தண்ணீர்போல் ஓடும் மெல்லிய வகைதான் வேண்டும்.

மூன்றாவது எண்ணெய். வறுத்த எள்ளிலிருந்து எடுத்த எண்ணெய் தேன் நிறத்தைவிடக் கருத்திருக்கும்; மூடியைத் திறந்ததும் வறுத்த எள்ளின் வாசனை எழும். வறுக்காத எள்ளை ஆட்டி எடுத்த நல்லெண்ணெயில் அந்த வாசனை வராது. இரண்டும் எள்தானே என்று மாற்றி ஊற்றியவர்கள் எல்லோரும் 'ஏதோ குறைகிறது' என்றுதான் சொன்னார்கள். குறைந்தது இதுதான்.

பாத்திரங்களில் முக்கியமானவை: ஒரு பெரிய வடிகட்டி, இரண்டு சுத்தமான பருத்தித் துணிகள், ஒரு தட்டு நிறைய ஐஸ் கட்டி, காய்களின் அளவைப்போல் இரு மடங்கு கொள்ளும் கலக்கும் கிண்ணம். கண்ணாடி, பீங்கான், எவர்சில்வர் எதுவானாலும் சரி. அலுமினியம் மட்டும் வேண்டாம். வினிகர் அலுமினியத்தோடு வினைபுரிந்து உலோகச் சுவையைக் கொண்டுவரும்.

சாப்பிட வருகிறவர்களுக்கு ஒவ்வாமை உண்டா என்று இப்போதே கேட்டுவிடுங்கள். சோயா, எள், வேர்க்கடலை மூன்றும் பலருக்கு ஒவ்வாதவை. பெரும்பாலான சோயா சாஸில் கோதுமையும் உண்டு. கலந்த பிறகு இவற்றில் எதையும் பிரித்து எடுக்க முடியாது.

2. நேரத்தைப் பின்னாலிருந்து எண்ணுங்கள்

சாலட்டைக் கலப்பது பரிமாறுவதற்குப் பத்து நிமிடம் முன்பு. அதற்கு முன் காய்கள் ஃபிரிட்ஜில் ஒரு மணி நேரமாவது இருக்க வேண்டும். அதற்கு முன் வெட்டுவது, உப்பிடுவது, வேக வைப்பது, உலர்த்துவது எல்லாம் சேர்ந்து முக்கால் மணி நேரம். ஆக இரவு எட்டு மணிக்குச் சாப்பாடு என்றால் ஆறு மணிக்குக் கையைக் கழுவிக்கொண்டு நிற்க வேண்டும்.

இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. நேரம் போதவில்லை என்றதும் எல்லோரும் வெட்டி எடுப்பது குளிர வைக்கும் அந்த ஒரு மணி நேரத்தைத்தான். பிறகு கலந்த சாலட்டில் ஐஸ் கட்டிகளைப் போட்டுக் குளிர வைக்கப் பார்ப்பார்கள். ஐஸ் உருகும், டிரெஸ்ஸிங் நீர்த்துப்போகும். நேரமில்லாத நாளில் குடைமிளகாயையும் முளையையும் விட்டுவிடுங்கள், ஒரு மணி நேரக் குளிர்ச்சியை விடாதீர்கள்.

3. முதலில் டிரெஸ்ஸிங்

காய் வெட்டுவதற்கு முன்பே இதைச் செய்துவிடுவது நல்லது. இஞ்சியும் பூண்டும் வினிகரில் ஊற நேரம் வேண்டும். சாறும் குளிர வேண்டும்.

வினிகரில் சர்க்கரையைப் போட்டுக் கரையுங்கள். வேறு எதுவும் இப்போது சேர்க்க வேண்டாம். கரண்டியின் அடியில் நறநறப்பு இல்லாமல் போகும் வரை கலக்குங்கள். இரண்டு நிமிடம் ஆகலாம். சர்க்கரை எண்ணெயில் கரையாது. எல்லாவற்றையும் ஒரே பாட்டிலில் ஊற்றிக் குலுக்குகிறவர்களுக்குச் சர்க்கரை அடியில் மணலாகத் தங்கி, கடைசிக் கரண்டி மட்டும் பாயசம்போல் இனிக்கும்.

அடுத்து பூண்டு. பல்லை நசுக்கிய கையோடு வினிகருக்குள் விடுங்கள். பூண்டை நசுக்கியதும் அதிலுள்ள ஒரு நொதி வேலை செய்து காரமான சேர்மங்களை உண்டாக்குகிறது; புளிப்பு அந்த நொதியைத் தடுத்துவிடும். பலகையில் நசுக்கிப் பத்து நிமிடம் கிடந்த பூண்டும், நசுக்கியதும் வினிகரில் விழுந்த பூண்டும் ஒரே பூண்டு என்று சுவையை வைத்துச் சொல்ல முடியாது. முதலாவது மறுநாள் காலை வரை வாயில் இருக்கும்.

இஞ்சி, சோயா சாஸ், மிளகாய்த் தூவலைச் சேர்த்துக் கலந்து ஃபிரிட்ஜில் வையுங்கள். எள் எண்ணெயை இதில் ஊற்றாதீர்கள். அது தனியாக, கடைசியில் வரும்.

வினிகர் மூன்று, சோயா இரண்டு, சர்க்கரை ஒன்று, எண்ணெய் ஒன்று. இந்த விகிதம் மனதில் நின்றுவிட்டால் எத்தனை பேருக்கு வேண்டுமானாலும் பெருக்கிக்கொள்ளலாம்.

சுவை பார்க்கும்போது கரண்டியால் வாயில் விட்டுப் பார்க்காதீர்கள். தனியாகக் குடித்தால் எந்த டிரெஸ்ஸிங்கும் உப்பாகவும் புளிப்பாகவும்தான் இருக்கும். உடனே தண்ணீர் சேர்க்கத் தோன்றும், அங்கேயே சாலட் கெட்டுவிடும். ஒரு முட்டைக்கோஸ் துண்டை அதில் தோய்த்துச் சாப்பிட்டுப் பாருங்கள். குளிர்ச்சியில் இனிப்பும் வாசனையும் மங்கும் என்பதையும் கணக்கில் வையுங்கள். அறை வெப்பத்தில் சுவை ஒரு படி கூடுதலாகத் தெரிந்தால்தான் குளிர்ந்த பிறகு சரியாக இருக்கும்.

4. கழுவியதும் உலர்த்துங்கள்

எல்லாக் காய்களையும் கீரைகளையும் வெட்டுவதற்கு முன்பே, முழுதாக, ஓடும் தண்ணீரில் கழுவுங்கள். வெட்டிய பிறகு கழுவினால் வெட்டுவாய் வழியே சாறு போகும்.

கொத்தமல்லியையும் புதினாவையும் துணியில் பரப்பி, சுருட்டி, அப்படியே விட்டுவிடுங்கள். இதற்கு நேரம் அதிகம் பிடிக்கும். அதனால்தான் இப்போதே தொடங்க வேண்டும். ஈரம் ஒட்டிய இலையில் டிரெஸ்ஸிங் ஒட்டாது, வழுக்கி ஓடிவிடும்.

5. வெள்ளரிக்காய்: உப்பு, இருபது நிமிடம், பிழிதல்

இந்தச் சாலட்டில் ஒரே ஒரு படியைத்தான் கவனமாகச் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

வெள்ளரிக்காயின் இரு முனைகளையும் நறுக்கிவிட்டுப் பலகையில் வையுங்கள். கத்தியின் தட்டையான பக்கத்தை அதன் மேல் வைத்து உள்ளங்கையால் ஓங்கி அழுத்துங்கள். கத்தியின் கூர்முனை உங்களைப் பார்க்காமல் விலகி இருக்கட்டும். கத்தி பயமாக இருந்தால் சப்பாத்திக் கட்டையால் தட்டலாம். தோல் நீளவாக்கில் பிளந்து, காய் மூன்று நான்கு கீற்றாக விரியும். விதைப்பகுதி பெரிதாகவும் நொளநொளப்பாகவும் இருந்தால் கரண்டியால் வழித்து எறியுங்கள். பிறகு இரண்டு சென்டிமீட்டர் துண்டுகளாகக் குறுக்கே வெட்டுங்கள்.

வட்டமாக நறுக்காமல் எதற்காக இப்படி நசுக்க வேண்டும்? கத்தி வெட்டிய முகம் கண்ணாடிபோல் வழவழப்பாக இருக்கும். சாறு அதில் நிற்காது. பிளந்த முகம் கரடுமுரடாக இருப்பதால் ஒவ்வொரு பள்ளத்திலும் சாறு தங்கும்.

துண்டுகளை வடிகட்டியில் போட்டு முக்கால் தேக்கரண்டி பொடியுப்பைத் தூவிப் புரட்டுங்கள். 300 கிராம் காய்க்கு இது ஏறத்தாழ ஒன்றரை சதவீதம். அடியில் ஒரு கிண்ணம் வைத்துவிட்டு இருபது நிமிடம் தொடாமல் விடுங்கள்.

உப்பு, காயின் செல்களிலிருந்து தண்ணீரை வெளியே இழுக்கிறது. முதல் ஐந்து நிமிடத்தில் எதுவும் நடக்காததுபோல் இருக்கும். பத்தாவது நிமிடத்தில் துண்டுகளின் மேல் வியர்வைபோல் முத்துமுத்தாகத் துளிர்க்கும். இருபதாவது நிமிடத்தில் பச்சை நிறம் ஒரு மடங்கு ஆழமாகி, துண்டை வளைத்தால் ஒடியாமல் கொஞ்சம் வளைந்து கொடுக்கும். அதுதான் அடையாளம்.

இனி ஒரு கைப்பிடித் துண்டுகளைத் துணியில் வைத்து மூட்டை கட்டி முறுக்குங்கள். ஈரத்துணியைப் பிழியும் வேகம் வேண்டாம். பன்னீரில் நீரை வடிப்பதுபோல் நிதானமாக அழுத்தினால் போதும். கிண்ணத்தில் ஏற்கெனவே வடிந்ததையும் சேர்த்தால் நான்கைந்து மேசைக்கரண்டித் தண்ணீர் வரும். கற்றுக்கொள்ள வருகிறவர்களிடம் இந்தத் தண்ணீரை ஒரு கண்ணாடி டம்ளரில் ஊற்றிக் காட்டுவது என் வழக்கம். இந்தப் படியைத் தவிர்த்திருந்தால் இவ்வளவும் சாலட்டுக்குள்தான் போயிருக்கும். நாம் செய்த டிரெஸ்ஸிங்கின் அளவே ஏறக்குறைய அவ்வளவுதான்.

ஒரு துண்டைச் சாப்பிட்டுப் பாருங்கள். உப்பு தூக்கலாக இருந்தால் குளிர்ந்த தண்ணீரில் ஒரு நொடி அலசி மீண்டும் பிழியுங்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் உப்பில் விட்டுவிட்டால் மொறுமொறுப்பு போய் ஊறுகாய்த் தன்மை வந்துவிடும். அதை மீட்க வழியில்லை.

6. முட்டைக்கோஸ், கேரட், குடைமிளகாய்: இவற்றுக்கு ஐஸ் தண்ணீர்

வெள்ளரிக்காய் உப்பில் இருக்கும் அந்த இருபது நிமிடத்தில் இந்த வேலையை முடித்துவிடலாம்.

முட்டைக்கோஸின் நடுத்தண்டை நீக்கி, இலைகளை நான்கைந்தாக அடுக்கி, நரம்புக்குக் குறுக்கே முடிந்த வரை மெல்லியதாக அரியுங்கள். நரம்பின் போக்கிலேயே வெட்டினால் நார் நீளமாக நின்று மெல்லும்போது பல்லில் சிக்கும்.

கேரட்டைச் சாய்வாக மெல்லிய வில்லைகளாக்கி, அவற்றை அடுக்கி, தீக்குச்சி கனத்துக்கு நறுக்குங்கள். துருவியில் துருவினால் வேலை எளிதுதான். ஆனால் துருவி செல்களைக் கிழிக்கிறது, கத்தி வெட்டுகிறது. துருவிய கேரட் பத்து நிமிடத்திலேயே ஆரஞ்சு நிறச் சாறு விட்டு மற்றக் காய்களையும் சாயம் ஏற்றிவிடும்.

குடைமிளகாயை உள்பக்கம் மேலே இருக்கும்படி வைத்து நறுக்குங்கள். தோல்பக்கம் வழுக்கும், கத்தி நழுவும்.

எல்லாத் துண்டுகளும் ஏறக்குறைய ஒரே கனத்தில் இருக்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவது அழகுக்காக இல்லை. தடித்த கேரட்டும் மெல்லிய கோஸும் ஒரே வாயில் வந்தால், கோஸ் மென்று முடிந்த பிறகும் கேரட் கரகரவென்று தனியாக நிற்கும்.

நறுக்கிய கோஸையும் கேரட்டையும் ஐஸ் போட்ட தண்ணீரில் பதினைந்து நிமிடம் ஊற விடுங்கள். வெள்ளரிக்காயில் தண்ணீரை வெளியேற்றினோம். இங்கே தண்ணீரை உள்ளே ஏற்றுகிறோம். வாடிய செல்கள் நீரைக் குடித்து விறைத்து நிற்கும். அரை மணி நேரத்துக்கு மேல் விடாதீர்கள், சுவை தண்ணீரில் இறங்கத் தொடங்கும். வெங்காயத்தாளின் பச்சைப் பகுதியை நீளவாக்கில் கீறி இதே தண்ணீரில் போட்டால் சுருண்டு கொள்ளும், அதன் காரமும் தணியும். குடைமிளகாய்க்கு இது தேவையில்லை.

ஊதா முட்டைக்கோஸ் பயன்படுத்துவதானால் அதற்குத் தனிக் கிண்ணம். அதன் சாயம் தண்ணீரில் இறங்கி, வினிகர் பட்டதும் இளஞ்சிவப்பாக மாறி, வெள்ளை முளைகளை எல்லாம் நிறமேற்றிவிடும்.

ஒரு கேள்வி எப்போதும் வரும்: முட்டைக்கோஸுக்கும் உப்பு இட்டுப் பிழியலாமா? கலந்த சாலட் இரண்டு மூன்று மணி நேரம் காத்திருக்கப் போகிறது, வேறு இடத்துக்கு எடுத்துச் செல்லப் போகிறீர்கள் என்றால் கட்டாயம் செய்யுங்கள். மொறுமொறுப்பு கொஞ்சம் குறையும், ஆனால் தண்ணீர் தேங்காது. கலந்ததும் சாப்பிடப் போகிறீர்கள் என்றால் ஐஸ் தண்ணீர்தான் என் தேர்வு.

7. முளையை வேக வைத்துத்தான் சேர்க்க வேண்டும்

முளைகளைப் பச்சையாகச் சேர்ப்பவர்கள் பலர். வேண்டாம். பயறு முளைவிடும் வெதுவெதுப்பும் ஈரமும் சால்மோனெல்லா, ஈ.கோலை போன்ற கிருமிகளுக்கும் உகந்த சூழல். கழுவினால் மட்டும் அவை போகாது.

பெரிய பாத்திரத்தில் தண்ணீர் தளதளவென்று கொதிக்கும்போது முளையைப் போடுங்கள். மீண்டும் கொதி வந்ததிலிருந்து இரண்டு நிமிடம். வடித்து உடனே ஐஸ் தண்ணீரில் கொட்டுங்கள்; இல்லாவிட்டால் உள்ளிருக்கும் சூட்டிலேயே அது மேலும் வெந்து குழைந்துவிடும். குளிர்ந்ததும் வடித்து மெதுவாகப் பிழியுங்கள். கர்ப்பிணிகள், சிறு குழந்தைகள், முதியவர்கள், உடல்நலம் குன்றியவர்கள் சாப்பிடுவதானால் முளையை நன்றாக வேக வைக்க வேண்டும்; அவர்களுக்காகச் செய்யும்போது நான் முளையையே விட்டுவிடுகிறேன்.

பீன்ஸ், புரோக்கோலி சேர்க்க விரும்பினாலும் இதே முறைதான். அவற்றைக் கலப்பது மட்டும் ஆகக் கடைசியில். வினிகரில் கிடந்தால் பளிச்சென்ற பச்சை, மங்கிய ஆலிவ் நிறமாகிவிடும்.

8. உலர்த்துவதும் தனித்தனியாகக் குளிர வைப்பதும்

ஐஸ் தண்ணீரிலிருந்து எடுத்த காயை வடிகட்டியில் கொட்டிவிட்டு 'வடிந்துவிட்டது' என்று நம்பிவிடுவார்கள். வடியவில்லை. ஒரு பிடியை எடுத்துக் காகிதத்தின் மேல் வைத்துப் பாருங்கள், வட்டமாக நனையும். துணியில் பரப்பி, மேலே இன்னொரு துணியைப் போட்டுத் தட்டி, சுருட்டி, துணியோடு குலுக்குங்கள். சாலட் உலர்த்தும் சுழல்கூடை இருந்தால் அதில் இரண்டு முறை சுற்றுங்கள். இடையில் ஒரு தடவை தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும்.

பிறகு வெள்ளரி, கோஸும் கேரட்டும், முளை, இலைகள் என்று தனித்தனி டப்பாக்களில், அடியில் ஒரு காகிதத் துண்டு விரித்து, மூடி ஃபிரிட்ஜில் வையுங்கள். ஒன்றாகக் கலந்து வைத்தால் வெள்ளரியில் மிச்சமிருக்கும் உப்பு மற்றக் காய்களிலிருந்தும் தண்ணீரை இழுக்கும். ஐஸ் தண்ணீரில் நாம் ஏற்றியதெல்லாம் வீண்.

பரிமாறும் கிண்ணத்தையும் உள்ளே வைத்துவிடுங்கள். அடுக்களைச் சூட்டில் இருந்த கிண்ணத்தில் குளிர்ந்த காயைக் கொட்டினால் முதலில் குளிர்வது கிண்ணம்தான்.

ஃபிரிட்ஜின் பின்சுவரை ஒட்டி டப்பாவை வைக்க வேண்டாம். அங்கே உறைந்த காய் வெளியே வந்ததும் குழைந்து தண்ணீராகும்.

9. எள்ளும் வேர்க்கடலையும்

எள்ளை வெறும் வாணலியில் சிறு தீயில் புரட்டுங்கள். மூன்று நான்கு நிமிடத்தில் ஒன்றிரண்டு துள்ளும், வாசனை வரும். உடனே தட்டில் கொட்டுங்கள். வாணலியிலேயே விட்டு அடுப்பை மட்டும் அணைத்தால் அந்தச் சூட்டிலேயே கருகிக் கசக்கும். வேர்க்கடலையை வறுத்து ஒன்றிரண்டாக உடைத்துக்கொள்ளுங்கள். இரண்டும் முழுமையாக ஆறிய பிறகே சாலட்டுக்குள் போக வேண்டும்.

10. கலக்கும் வரிசை

எல்லோரும் மேசைக்கு வந்துவிட்டார்களா என்று பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.

பெரிய கிண்ணத்தில் கோஸ், கேரட், குடைமிளகாய், முளை, வெள்ளரிக்காய். டிரெஸ்ஸிங்கை நன்றாகக் கலக்கி முக்கால் பங்கை மட்டும் ஊற்றுங்கள். கைகளால், அடியிலிருந்து மேலே தூக்கிப் புரட்டுங்கள். கரண்டி காய்களை ஒரு பக்கமாகத் தள்ளும். விரல்களுக்குத்தான் எது நனைந்தது, எது காய்ந்து கிடக்கிறது என்று தெரியும்.

ஒரு வாய் சாப்பிட்டுப் பாருங்கள். வெள்ளரியில் உப்பு ஏற்கெனவே இருப்பதால் மீதிக் கால் பங்கு தேவைப்படாமல் போகலாம். சோயா சாஸ் ஒரு மேசைக்கரண்டியில் மட்டும் இரண்டரை கிராம் அளவுக்கு உப்பு இருக்கிறது. ஊற்றிவிட்டால் திரும்ப எடுக்க முடியாது.

இப்போது வறுத்த எள் எண்ணெயை மேலே வட்டமாக விட்டு இரண்டு முறை புரட்டுங்கள். எண்ணெயை முதலில் ஊற்றியிருந்தால் காய்களின் மேல் படலமாகப் படிந்து, வினிகரையும் சோயாவையும் ஒட்ட விடாமல் வழுக்கச் செய்திருக்கும். கடைசியில் சேர்க்கும்போது அதன் வாசனையும் மேலேயே நிற்கும்.

கொத்தமல்லி, புதினா, வெங்காயத்தாளைப் போட்டு ஒரே ஒரு புரட்டு. எள்ளும் கடலையும் மேலே. குளிர்ந்த கிண்ணத்துக்கு மாற்றிக் கொண்டுபோய் வையுங்கள்.

11. தவறிவிட்டால்

உப்பு அதிகமாகிவிட்டதா? தண்ணீர் ஊற்றாதீர்கள். டிரெஸ்ஸிங் படாத முட்டைக்கோஸை இன்னும் ஒரு பிடி அரிந்து சேர்த்து, சில துளி வினிகர் விடுங்கள்.

புளிப்பு தூக்கலாக இருந்தால் சர்க்கரையை நேரடியாகத் தூவ வேண்டாம், குளிர்ச்சியில் கரையாது. ஒரு தேக்கரண்டி வெந்நீரில் கரைத்து ஆற வைத்துச் சேருங்கள்.

எல்லாம் இருந்தும் சப்பென்று இருக்கிறது என்றால் பெரும்பாலும் குறைவது புளிப்பு, உப்பு இல்லை. எலுமிச்சைச் சாறு அரை மூடி பிழிந்து பார்த்துவிட்டுப் பிறகு சோயாவைத் தொடுங்கள்.

தண்ணீர் தேங்கிவிட்டதா? வடிகட்டியில் சாலட்டைக் கொட்டி அந்த நீரை முழுதும் விடுங்கள். மீதி வைத்த கால் பங்கு டிரெஸ்ஸிங் இப்போதுதான் உதவும். அதைப் புதிதாக ஊற்றி உடனே பரிமாறுங்கள். அந்தக் கால் பங்கை எப்போதும் கையில் வைத்திருக்கச் சொல்வதன் இன்னொரு காரணம் இது.

12. இதே அடிப்படையில் வேறு சில

வரிசை பழகிவிட்டால், பொருளை மாற்றினாலே போதும். ஜப்பானின் சுனோமோனோவுக்கு வெள்ளரியைக் காகிதம்போல் மெல்லிய வட்டங்களாக நறுக்கி உப்பிட்டுப் பிழிந்து, வினிகர், சர்க்கரை, துளி சோயா சாஸ் மட்டும் சேர்க்கிறார்கள், எண்ணெய் இல்லை. ஊற வைத்த வக்காமே கடற்பாசியும் சேர்வதுண்டு. கொரியாவின் ஓய் முச்சிமில் வெள்ளரியோடு கொரிய மிளகாய்த் தூவலும் பூண்டும் எள் எண்ணெயும் கையால் பிசறப்படும். சீனாவில் நசுக்கிய வெள்ளரியோடு பூண்டைத் தாராளமாகச் சேர்த்து, பலர் கறுப்பு வினிகரை ஊற்றுகிறார்கள். வியட்நாமின் கோய் வகைகளில் சோயாவின் இடத்தில் மீன் சாஸும், வினிகரின் இடத்தில் பெரும்பாலும் எலுமிச்சையும் வரும், இலைகள் இரு மடங்கு இருக்கும். சைவம் சாப்பிடுகிறவர்கள் மீன் சாஸைக் கவனத்தில் வைக்க வேண்டும். அதற்குப் பதில் மெல்லிய சோயா சாஸை ஊற்றிக்கொள்ளலாம்.

நிறைவான உணவாக வேண்டுமென்றால் கெட்டியான டோஃபுவை (சோயா பன்னீர்) துணியில் சுற்றி, மேலே கனமான பாத்திரத்தை வைத்து இருபது நிமிடம் நீர் வடித்து, துண்டாக்கிச் சேருங்கள். பாசிப்பயறு மாவில் செய்த கண்ணாடி நூடுல்ஸும் பொருந்தும். பொட்டலத்தில் உள்ளபடி வெந்நீரில் ஊற வைத்து, குளிர்ந்த நீரில் அலசி, கத்தரியால் இரண்டு மூன்றாக வெட்டிக்கொள்ளுங்கள். நூடுல்ஸ் சாறை உறிஞ்சும் என்பதால் டிரெஸ்ஸிங்கை ஒன்றரை மடங்காக்க வேண்டும்.

13. மீதமானால்

கலக்காத காய்களை மூடிய டப்பாவில் 4 டிகிரி செல்சியஸில் இரண்டு நாள் வைக்கலாம். அடியில் விரித்த காகிதம் நனைந்திருந்தால் மாற்றுங்கள். வேக வைத்த முளையை மறுநாளே தீர்த்துவிடுவது நல்லது. எண்ணெய் சேர்க்காத டிரெஸ்ஸிங் மூன்று நான்கு நாள் நன்றாக இருக்கும். பச்சைப் பூண்டு இருப்பதால் வெளியே வைக்க வேண்டாம்.

கலந்த சாலட்டை அன்றே சாப்பிட்டுவிடுங்கள். அறை வெப்பத்தில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருந்ததை ஃபிரிட்ஜுக்குத் திருப்பாதீர்கள். உடனே எடுத்து வைத்த மீதி மறுநாள் துவண்டிருக்கும், சுவை மட்டும் இருக்கும். அதைப் பிழிந்து, சூடான வாணலியில் ஒரு நிமிடம் புரட்டி, வேக வைத்த நூடுல்ஸோடு கலந்துகொள்ளலாம்.